இலக்கின் கடைசியில் நிற்பவள்: தீபா தன்ராஜின் படங்கள்

செம்பரம்பாக்கம் ஏரிக்கரையிலிருந்து கொஞ்ச தூரத்தில், நான்கு பெண்கள் சேர்ந்து வாடகைக்கு எடுத்திருக்கும் ஓர் அறையில்தான் தீபா தன்ராஜின் 'சம்திங் லைக் எ வார்' படத்தைக் கடைசியாகப் பார்த்தேன். நால்வரில் இருவர் என் மாணவிகள். இளங்கலைத் தமிழ் முடித்தவர்கள். இப்போது ஒருத்தி ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் மின்னணுத் தொழிற்சாலையிலும் இன்னொருத்தி ஒரகடத்தில் வாகன உதிரிபாகத் தொழிற்சாலையிலும் ஒப்பந்தத் தொழிலாளிகள். ஞாயிற்றுக்கிழமை மதியம். இரவு ஷிஃப்ட் முடித்து வந்த ஒருத்தி சுவரோரம் படுத்திருந்தாள். மடிக்கணினியை அரிசி டப்பாவின் மேல் வைத்தோம். படத்தில் பேசுவது இந்தி, துணையுரை ஆங்கிலம். நான் நிறுத்தி நிறுத்தித் தமிழில் சொல்லிக்கொண்டே போனேன்.

இந்தப் படத்தை நான் வகுப்பில் பலமுறை காட்டியிருக்கிறேன், பாடமாகவும் சொல்லியிருக்கிறேன். எப்படி வாசிக்க வேண்டும் என்று எனக்குத் தெரியும் என நம்பியிருந்தேன். அந்த அறையில் என் வாசிப்பு இடறியது. அந்த இடறலை வைத்துக்கொண்டு தீபாவின் நாற்பதாண்டுப் பயணத்தைத் திரும்பிப் பார்க்கும் முயற்சி இக்கட்டுரை.

'சம்திங் லைக் எ வார்' 1991-இல் வந்தது. ஒளிப்பதிவு நவ்ரோஸ் கான்ட்ராக்டர். இந்தியக் குடும்பக் கட்டுப்பாட்டுத் திட்டத்தை அதன் குறியாக இருந்த பெண்களின் பக்கம் நின்று பார்க்கும் படம். 1952-இல் உலகிலேயே முதன்முதலாக இதை அரசுத் திட்டமாக்கிய நாடு இந்தியா. நெருக்கடி நிலையின்போது, 1976-77 என்ற ஒரே ஆண்டில் ஏறத்தாழ 82 லட்சம் பேருக்குக் கருத்தடை அறுவை நடந்தது. அவர்களில் சுமார் 62 லட்சம் பேர் ஆண்கள். அடுத்த தேர்தலில் ஆட்சி கவிழ்ந்தது. அதிலிருந்து ஆள்வோர் ஒரு பாடம் கற்றார்கள். கட்டாயம் தவறு என்பதல்ல அவர்கள் கற்ற பாடம், ஆண்களைத் தொடக் கூடாது என்பதுதான். திட்டம் அப்படியே பெண்கள் பக்கம் திரும்பியது. லேப்ராஸ்கோப்பிக் கருவி வந்து அதைச் சுலபமாக்கியது. பள்ளிக்கூடத்திலோ சுகாதார நிலையத்திலோ முகாம் போட்டு, பெண்களை வரிசையாகக் கிடத்தி அறுக்கலாம் என்றானது.

அப்படியொரு முகாமைத் தீபா படம்பிடித்திருக்கிறார். மருத்துவர் தன் வேகத்தைப் பெருமையோடு விவரிக்கிறார். கருவி உள்ளே போகிறது, வெளியே வருகிறது, அடுத்த பெண். ஒரு நேர்த்தியான கைவினைஞர் தன் தொழிலைப் பற்றிப் பேசுவது போலவே இருக்கும். மேசையில் கிடப்பவளின் வலி அவர் பேச்சில் ஓர் இடையூறாகக்கூட வருவதில்லை. வகுப்பில் இந்த இடம் வரும்போதெல்லாம் நான் சொல்வது ஒன்றுதான்: அறிவியல் ஆணதிகாரத்தின் கையில் சேரும்போது அதன் முகம் இப்படித்தான் இருக்கும், பாருங்கள்.

செம்பரம்பாக்கத்து அறையில், இந்தக் காட்சியில் என் மாணவி சொன்னாள்: "இந்த டாக்டருக்கும் டார்கெட் இருக்குது மேம்."

சுவரோரம் படுத்திருந்த பெண் கண்ணைத் திறக்காமலே சொன்னாள்: "அதான் இவ்வளவு ஃபாஸ்ட்டா பண்றாரு. எங்க லைன் லீடர் மாதிரி."

'டார்கெட்' அவர்களுடைய அன்றாடச் சொல். மணிக்கு இத்தனை பீஸ். குறைந்தால் லைன் லீடர் வந்து நிற்பார். அவருக்கு மேலே சூப்பர்வைசர், சூப்பர்வைசருக்கு மேலே யாரோ. படத்தைப் பார்த்ததும் அவர்கள் கண்டது ஓர் அசெம்ப்ளி லைனை. நான் ஒரு வில்லனைக் கண்டிருந்தேன்.

அவர்கள் கண்டதுதான் சரி என்பதைத் திட்டத்தின் வரலாறு சொல்கிறது. ஆண்டுக்கு இத்தனை அறுவை என்று டில்லி மாநிலத்துக்கு எண் கொடுக்கும். மாநிலம் மாவட்டத்துக்கு, மாவட்டம் ஒன்றியத்துக்கு, ஒன்றியம் கிராமச் செவிலியருக்கு. பல இடங்களில் பள்ளி ஆசிரியர்கள் தலையிலும் வருவாய்த் துறை ஊழியர்கள் தலையிலும் அந்த எண் இறங்கியது. 'கேஸ்' பிடித்துத் தராவிட்டால் சம்பளம் நிற்கும். எண் ஒவ்வொரு படியாக இறங்கி வந்து, கடைசியில் ஒரு பெண்ணின் அடிவயிற்றில் முடிகிறது. அவளுக்குக் கீழே தள்ளிவிட யாரும் இல்லை. எல்லோருக்கும் இலக்கு உண்டு என்றாலும் எல்லோரும் ஒன்றல்ல. மருத்துவருக்கு இலக்கை முடித்தால் பாராட்டுப் பத்திரம் கிடைக்கும். இலக்கின் கடைசியில் நிற்பவளுக்குக் கிடைப்பது தழும்பு.

என் அம்மாவுக்கும் அந்தத் தழும்பு உண்டு. தம்பி பிறந்த பிறகு, எண்பதுகளின் நடுவில் ஒரு முகாமில் செய்தது. கு.க. ஆபரேஷன் என்பார்கள். சுவர்களிலெல்லாம் சிவப்பு முக்கோணமும் 'நாம் இருவர் நமக்கு இருவர்' வாசகமும் இருந்த காலம். அன்று மாலையே வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள் என்றும் மூன்றாம் நாள் மாட்டுக்குத் தண்ணி காட்டப் போனேன் என்றும் அம்மா சொல்வார். யார் முடிவெடுத்தது என்று கேட்டால், "நர்சம்மா வந்து கேட்டாங்க, உங்கப்பா சரின்னாரு" என்பார். இரண்டு பிள்ளைகளுக்கு மேல் வேண்டாம் என்றுதான் அவரும் நினைத்தார். நினைத்ததை அவரிடம் யாரும் கேட்கவில்லை, அவ்வளவுதான்.

தீபாவின் படம் என்னைத் தொடுவது இந்த இடத்தில். அது கருத்தடைக்கு எதிரான படமல்ல. பெண்கள் ஓர் உடலின் கோட்டோவியத்தைச் சுற்றி உட்கார்ந்து பேசும் பகுதி ஒன்று வருகிறது. மாதவிடாய், கலவி, கரு, ஆசை, பிள்ளை வேண்டும், வேண்டாம் என்று எல்லாவற்றையும் பேசுகிறார்கள். சிரிக்கிறார்கள். முகாமில் உடல் ஓர் எண்ணாக இருந்தது. இங்கே அதே உடல் அறிவாகிறது. படிக்காதவர்கள் என்று திட்டம் சொல்லும் பெண்களிடம் தம் உடலைப் பற்றிய ஒரு முழு சாஸ்திரமே இருக்கிறது. முகாமும் இந்த வட்டமும் மாறி மாறி வருவதிலேயே படத்தின் வாதம் இருக்கிறது. அறிவியலா அறியாமையா என்று தீபா கேட்கவில்லை. யாருடைய அறிவு அறிவியல் என்று எண்ணப்படுகிறது என்று கேட்கிறார்.

*

இந்தக் கேள்வி அவருக்குத் திடீரென்று வந்ததல்ல. 1980-இல் ஆபா பையா, நவ்ரோஸ் கான்ட்ராக்டர், மீரா ராவ் ஆகியோருடன் சேர்ந்து 'யுகாந்தர்' என்ற திரைப்படக் கூட்டமைப்பைத் தொடங்கினார். புணேயின் வீட்டு வேலைப் பெண்கள் சங்கமானதைச் சொல்லும் 'மோல்கரீன்' 1981-இல் வந்தது. நிப்பாணியின் புகையிலைத் தொழிற்சாலைப் பெண்களைப் பற்றிய 'தம்பாக்கு சாக்கிலா ஊப் ஆலி' அடுத்த ஆண்டு வந்தது. 1983-இல் ஹைதராபாத்தின் ஸ்த்ரீ சக்தி சங்கடனாவுடன் சேர்ந்து குடும்ப வன்முறையைப் பேசும் 'இதி கத மாத்ரமேனா', சிப்கோ இயக்கப் பெண் ஒருத்தியைப் பின்தொடரும் 'சுதேஷா' ஆகிய இரண்டும் வந்தன. நால்வர் கூடி மூன்றே ஆண்டுகளில் செய்த வேலை இது.

நிப்பாணிப் படத்தைச் செம்பரம்பாக்கத்தில் காட்ட வேண்டும் என்பது என் ஆசை. புகையிலைத் தூசுக்குள் முகத்தைத் துணியால் சுற்றிக்கொண்டு வேலைசெய்த பெண்கள், ஆயிரக்கணக்கில் கூடிச் சங்கம் அமைத்த கதை. தொழிலாளிப் பெண்ணைப் பரிதாபத்துக்குரியவளாக அல்ல, தன் வேலையை ஆராய்ந்து சொல்லும் ஒருத்தியாக அது காட்டுகிறது. தூசு என்ன செய்யும், எடை எப்படித் திருடப்படும், மேஸ்திரி எப்படிக் கை வைப்பான் என்பதை அவர்களே சொல்கிறார்கள்.

ஸ்த்ரீ சக்தி சங்கடனாவோடு ஏற்பட்ட உறவுதான் 1991-இன் படத்துக்கு ஒரு வேர் என்று நினைக்கிறேன். 1985-இல் ஹைதராபாத் அருகே பட்டான்செருவின் ஆரம்ப சுகாதார நிலையத்தில் நெட்-என் என்ற கருத்தடை ஊசியைப் பெண்களுக்குப் போட்டுச் சோதிக்க ஏற்பாடானது. சோதனை என்பதே அப்பெண்களுக்குச் சரிவரச் சொல்லப்படவில்லை என்பதை வெளிக்கொண்டுவந்தவர்கள் இந்த அமைப்பினர். அடுத்த ஆண்டு சஹேலி உள்ளிட்ட அமைப்புகளோடு சேர்ந்து உச்ச நீதிமன்றத்துக்குப் போனார்கள். தீபாவின் படத்தில் வரும் நார்ப்ளான்ட் அதே வரிசையில் அடுத்தது. மேல்கையின் தோலுக்கடியில் ஆறு குச்சிகள், ஐந்தாண்டுக்குக் கரு தரிக்காது. மாத்திரை வேண்டாமென்றால் பெண் நாளையே நிறுத்திவிடலாம். இந்தக் குச்சியை அவளால் எடுத்தெறிய முடியாது. பயிற்சி பெற்ற ஒருவரிடம் போய்க் கேட்க வேண்டும். 'கேட்க வேண்டும்' என்ற நிலைதான் அந்தக் கருவிக்குள் வைத்துத் தைக்கப்பட்ட அரசியல். தொழில்நுட்பம் நடுநிலையானது, பயன்படுத்துபவரைப் பொறுத்தது என்று சொல்பவர்கள் இந்த ஆறு குச்சிகளை யோசிக்க வேண்டும்.

*

1994-இல் வந்த 'த லெகசி ஆஃப் மால்தஸ்' இன்னும் பின்னால் போகிறது. ஏழைகள் ஏன் ஏழைகளாக இருக்கிறார்கள்? பிள்ளைகளை அதிகம் பெறுவதால் என்கிறார் 1798-இல் மால்தஸ். ஸ்காட்லாந்தின் மலைநாட்டில் நிலத்திலிருந்து விரட்டப்பட்ட குடிகளின் வரலாற்றையும் இன்றைய ராஜஸ்தானையும் தீபா அருகருகே வைக்கிறார். நிலம் பறிபோனதால் வந்த பசி, பிள்ளைப்பேற்றால் வந்த பசியாக எப்படி மாற்றி எழுதப்பட்டது என்பதே படத்தின் கேள்வி.

இந்தப் படம் சொல்லாமல் விட்ட ஒரு பக்கம் நம் ஊரில் இருக்கிறது. மால்தஸ் 1805 முதல் இறக்கும்வரை ஹெய்லிபரியில் கிழக்கிந்தியக் கம்பெனியின் கல்லூரியில் பேராசிரியர். இந்தியாவை ஆள வந்த அதிகாரிகள் அவரிடம் பொருளாதாரம் படித்தவர்கள். 1876-78 பஞ்சத்தில் சென்னை மாகாணம் செத்துக்கொண்டிருந்தபோது, வைஸ்ராய் லிட்டனின் அரசு நிவாரணத்தைச் சுருக்கியது. கடுமையான உடலுழைப்புக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியத்தை அடிப்படையாக வைத்து ரிச்சர்ட் டெம்பிள் கூலி நிர்ணயித்தார். பக்கிங்காம் கால்வாயின் ஒரு பகுதியை வெட்டியவர்கள் அந்தப் பஞ்சக் கூலிகள். மக்கள் தொகை தன்னைத் தானே சரிசெய்துகொள்ளும் என்ற பாடம் இங்கே எலும்புக்கூடுகளாக வந்து முடிந்தது.

1920களின் இறுதியில் சென்னையில் மால்தஸ் பெயரிலேயே ஒரு கருத்தடைச் சங்கம் இருந்தது. மேல்சாதிக் கனவான்கள் நடத்திய அச்சங்கத்தின் கவலை, ஏழைகள் பெருகுகிறார்கள் என்பது. அதே காலத்தில் பெரியாரும் கர்ப்பத்தடையைப் பேசினார். அவர் காரணம் வேறு. தாயின் உடல்நலம், நாட்டின் வறுமை என்று பிறர் சொல்வதெல்லாம் தம் நோக்கமல்ல, பெண் விடுதலை பெற வேண்டும் என்பதே தம் நோக்கம் என்றார். நாடு பிறகு திட்டமாக எடுத்துக்கொண்டது பெரியாரின் காரணத்தையல்ல, கனவான்களின் காரணத்தை. தமிழில் இந்தப் படத்தைப் பேசுபவர்கள் இந்தப் பிரிவை மறக்கக் கூடாது. கருத்தடையை எதிர்ப்பதா ஆதரிப்பதா என்ற கேள்வியே தவறு. அது யாருடைய இலக்கு என்பதுதான் கேள்வி.

*

தீபாவின் படங்களிடம் எனக்குக் குறைகளும் உண்டு.

ஒன்று, அந்த அறுவை மேசை. மயக்கமும் வலியுமாகக் கிடக்கும் பெண்ணிடம் கேமரா அனுமதி கேட்டிருக்க முடியுமா? முகாமின் அத்துமீறலைக் காட்டுவதற்கு முகாம் அவளைப் பார்ப்பது போலவே நாமும் பார்க்க நேர்கிறது. காட்டியிருக்காவிட்டால் நம்பியிருக்க மாட்டோம் என்பதும் உண்மை. இந்தக் கணக்கு எனக்கு இன்னும் தீரவில்லை.

இரண்டு, சாதி. இலக்கு இறங்கிவரும் படிகளில் கடைசிப் படி பெரும்பாலும் சேரியிலும் பழங்குடிக் குடியிருப்பிலும்தான் இருந்தது. 1991-இன் படத்தில் வர்க்கமும் பால்நிலையும் பேசும் அளவுக்குச் சாதி பேசவில்லை. இதைத் தீபாவே பின்னாளில் உணர்ந்திருப்பார் என்று நினைக்க, 2018-இன் 'வி ஹேவ் நாட் கம் ஹியர் டு டை' இடம்தருகிறது. ஹைதராபாத் பல்கலைக்கழகத்தில் 2016 ஜனவரி 17 அன்று உயிரை விட்ட ரோஹித் வெமுலாவையும் அதன்பின் எழுந்த மாணவர் போராட்டத்தையும் பற்றிய படம். கார்ல் சேகனைப் போல் அறிவியல் எழுத்தாளராக விரும்பியவன். மனிதன் ஓர் எண்ணாக, ஓர் ஓட்டாகச் சுருக்கப்படுவதைப் பற்றித் தன் கடைசிக் கடிதத்தில் எழுதியவன். அவன் இறந்த பிறகு அரசு ஆராய்ந்தது, அவன் தலித்தா இல்லையா என்பதை. அவன் அம்மா ராதிகா தன் வாழ்க்கையையே சான்றிதழாகக் காட்ட வேண்டியிருந்தது. முகாமில் தொடங்கிய கேள்வி இங்கே பல்கலைக்கழகத்துக்குள் வந்து நிற்கிறது: யார் எண்ணுகிறார்கள், யார் எண்ணப்படுகிறார்கள்?

மூன்றாவது குறை எனக்கு முக்கியமானது. பெண்கள் ஏற்கெனவே கூடிய இடங்களுக்கே தீபாவின் கேமரா போகிறது. சங்கம், பயிலரங்கு, இயக்கம். 2011-இன் 'இன்வோக்கிங் ஜஸ்டிஸ்' அவர் படங்களில் தமிழர்க்கு மிக நெருக்கமானது. தாவூத் ஷரிபா கானம் புதுக்கோட்டையில் தொடங்கிய தமிழ்நாடு முஸ்லிம் பெண்கள் ஜமாஅத்தைப் பின்தொடர்கிறது. ஆண்கள் மட்டுமே உட்கார்ந்து தீர்ப்புச் சொல்லும் ஜமாஅத்துகளுக்கு எதிரே பெண்கள் தங்கள் ஜமாஅத்தைக் கூட்டுகிறார்கள். மனு வாங்குகிறார்கள், விசாரிக்கிறார்கள், காவல் நிலையம் போகிறார்கள், மதத்தின் நூலையே எடுத்து வாதிடுகிறார்கள். நம் ஊர்த் தமிழில், நம் ஊர்க் கோபத்தில் அவர்கள் பேசுவதைக் கேட்கும்போது உடம்பு நிமிரும். ஆனால் கூடாதவர்கள்? மூன்று ஷிஃப்டுகளில் மாறி மாறித் தூங்கும், பத்து மாதத்தில் ஒப்பந்தம் முடிந்து ஊருக்குத் திரும்பும், பக்கத்துப் படுக்கைக்காரியின் முழுப்பெயர் தெரியாத பெண்கள்?

இதைச் சொன்னபோது என் மாணவி சட்டென்று மறுத்தாள். "ஏன் மேம், 2021-ல நாங்க ரோட்ல உக்காரலையா?"

உண்மைதான். அந்த ஆண்டு டிசம்பரில் விடுதிச் சாப்பாட்டால் நூற்றுக்கும் மேற்பட்ட பெண்கள் மருத்துவமனைக்குப் போனார்கள். தோழிகள் சிலர் இறந்துவிட்டதாக வதந்தி பரவியது. யாரும் பதில் சொல்லாததால் அவர்கள் சென்னை-பெங்களூரு நெடுஞ்சாலையில் இறங்கி உட்கார்ந்தார்கள். வதந்தி பொய் என்று பிறகு தெரிந்தது. எங்கே என்று கேட்டதற்குப் பதில் வராததுதான் நிஜம். சங்கம் இல்லாமலே, அறையெண்ணும் லைன் எண்ணும் மட்டுமே தெரிந்தவர்கள் கூடிய கூட்டம் அது. நான் கூடாதவர்கள் என்று நினைத்தவர்கள் கூடித்தான் இருந்தார்கள். அங்கே கேமரா வைத்துக்கொண்டு பல நாள் தங்கிப் பேச்சைக் கேட்கும் ஒரு தீபா இல்லை, அவ்வளவுதான். இருந்ததெல்லாம் செய்தித் தொலைக்காட்சிகள், ஒரு நாள்.

*

1996-இல் அரசு கருத்தடை இலக்குகளைக் கைவிட்டது. முந்தைய பத்தாண்டின் பெண்ணியப் போராட்டங்களுக்கும் இத்தகைய படங்களுக்கும் அதில் பங்குண்டு. ஆனால் 2014 நவம்பரில் சத்தீஸ்கரின் பிலாஸ்பூர் மாவட்டத்து முகாமில், சில மணி நேரத்தில் 83 பெண்களுக்கு ஒரே மருத்துவர் அறுவை செய்தார். அந்த நாட்களின் முகாம்களில் குறைந்தது 13 பெண்கள் இறந்தார்கள். எண்ணிக்கைச் சாதனைக்காக அதே ஆண்டு அரசிடம் பாராட்டு வாங்கியவர் அந்த மருத்துவர். 2016-இல் தேவிகா பிஸ்வாஸ் வழக்கில், மூன்றாண்டுக்குள் முகாம்களை நிறுத்தச் சொல்லி உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. தமிழ்நாட்டில் ஐந்தாவது தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின்படி மணமான பெண்களில் 57.8 சதவீதம் பேர் கருத்தடை அறுவை செய்துகொண்டவர்கள். ஆண்களின் அறுவை 0.1 சதவீதம். இலக்கு போய்விட்டது, அது காட்டிய திசை போகவில்லை.

இப்போது எண் எதிர்ப்பக்கம் திரும்புகிறது. தொகுதி மறுவரையறையில் தமிழ்நாட்டுக்கு இடங்கள் குறையும் என்ற அச்சம் நியாயமானது. ஆனால் அதற்காக 2024 அக்டோபரில் ஒரு திருமண விழாவில் முதலமைச்சரே பதினாறு பிள்ளைகள் பற்றிப் பாதி வேடிக்கையாகப் பேசினார். 2025 மார்ச்சில் மணமக்கள் உடனே பிள்ளை பெற்றுக்கொள்ள வேண்டும் என்றார். என் அம்மாவின் தலைமுறையிடம் போதும் என்றார்கள். என் மாணவிகளிடம் சீக்கிரம் என்கிறார்கள். இரண்டு முறையும் கணக்குப் போட்டது வேறு யாரோ.

அதே 2024-இன் நடுவில், ஸ்ரீபெரும்புதூரில் ஒரு பெரிய தொழிற்சாலை மணமான பெண்களை வேலைக்கு எடுக்காமல் தவிர்க்கிறது என்று வெளிநாட்டுச் செய்தி நிறுவனம் எழுதியது. நிறுவனம் மறுத்தது, ஒன்றிய அரசு அறிக்கை கேட்டது. அந்த அறையில் இதைப் பற்றிக் கேட்டபோது நால்வரும் சிரித்தார்கள். ஆள் எடுக்கும் ஏஜென்ட் கல்யாணம் ஆயிடுச்சா, எப்போ பண்ணப் போற என்றெல்லாம் கேட்பது அவர்களுக்குச் செய்தியே அல்ல. மேடை பெறு என்கிறது, வாசல் பெறாதே என்கிறது. இரண்டுக்கும் நடுவில் அவர்கள் கம்பெனி பஸ் ஏறிப் போய்வருகிறார்கள்.

திரும்பும்போது ஏரிக்கரை வழியாக நடந்தோம். 24 அடி ஏரி அது. 2015 டிசம்பர் 1 இரவு நொடிக்கு 29,000 கன அடி திறந்துவிட்ட ஏரி. எத்தனை கன அடி என்பது அதிகாரிகளுக்குத் தெரிந்திருந்தது. அடையாற்றங்கரையில் தூங்கிக்கொண்டிருந்தவர்களுக்குத் தண்ணீர் வாசலுக்கு வந்த பிறகுதான் தெரிந்தது. தீபாவின் படங்களை எனக்கு ஒரு வரியில் சொல்லச் சொன்னால் இதைத்தான் சொல்வேன்: எண் ஓரிடத்தில் இருக்கிறது, அது வந்து முடியும் உடல் வேறிடத்தில் இருக்கிறது, அவர் கேமராவைத் தூக்கிக்கொண்டு இரண்டாவது இடத்துக்குப் போகிறார். போய் உட்கார்ந்து, கேட்கிறார்.

பஸ் நிறுத்தத்தில் மாணவி கேட்டாள்: "அந்தப் படத்துல ரவுண்டா உக்காந்து பேசுனாங்களே மேம், அந்த மாதிரி நம்ம ரூம்ல பேசலாமா? அடுத்த வாரம் எனக்குப் பகல் ஷிஃப்ட்."

ஒரு சார்ட் பேப்பர் வாங்கி வருகிறேன் என்றேன். "ஒண்ணு பத்தாது மேம்," என்றாள். "பக்கத்து ரூம்லயும் வருவாங்க."